விடியுமுன் வந்து போகிறவள்

மனிதனுக்கு இன்னொரு மனிதன் தேவையே இல்லை என்று உலகுக்கு நிரூபிக்கப் பிறந்தவர் என் அக்காவின் கணவர். அவருக்குத் தேவைப்பட்டதெல்லாம் அக்கா மட்டும்தான்.

வங்கி மேனேஜர் வேலையை உதறிவிட்டு, மலைக்காட்டில் குடிசை போட்டு, ஆறு வருடமாகத் தன்னந்தனியாக, தன் கையே தனக்குதவி என்று வாழ்ந்தார். அதைப் பற்றிப் பத்திரிகைகளுக்குக் கட்டுரைகளும் எழுதினார். தபாலில் சேர்த்தவள் அக்கா. அடிவாரத்து வீட்டிலிருந்து விடியுமுன் ஏறிவந்து, அடுப்பு மூட்டி, சோறு வடித்து மூடிவைத்துவிட்டு இறங்கிவிடுவாள். ஆள் முகம் பார்த்தால் தனிமை கெட்டுவிடுமாம். அவள் போகும்வரை மாமா கண்ணை மூடிப் படுத்திருப்பார். கட்டுரைகளில் இந்தப் பகுதி வரவில்லை.

இருமி இருமி ஆஸ்பத்திரியில் சேர்ந்த அக்கா, மறுநாளே போய்விட்டாள். பிறகு விடாத மழை. காட்டாற்றில் வெள்ளம் வடிந்து, மாமாவுக்குச் சொல்ல நான் மலையேறியபோது நான்கு நாள் ஆகியிருந்தது.

பட்டினியில் சுருண்டு கிடப்பார் என்று நினைத்துப் போனேன். வாசலில் உட்கார்ந்து பல் குத்திக்கொண்டிருந்தார்.

உள்ளே அடுப்பில் கங்கு சிவந்திருந்தது.

"அக்கா போயிட்டா மாமா. நாலு நாளாச்சு."

அவர் சிரிக்கப் பார்த்தார். "காலைலகூட இருமினாளே மச்சான்."

பல் குத்திய குச்சியைக் கீழே போட்டார். கடைசியாக என்ன சொன்னாள் என்று கேட்டார். அவர் சாப்பிட்டிருப்பாரா என்று அவள் கேட்டதைச் சொன்னேன். ஆறு வருடத்தில் ஒருநாள்கூட அவளை உட்காரச் சொன்னதில்லையாம். நாளைக்குக் கண்ணைத் திறந்து, முகத்தைப் பார்த்து, அதைச் சொல்லிவிட வேண்டுமாம். ஒரு காலத்தில் வங்கியில் அவர் மேஜைக்கு எதிரே நின்றவர்களைப்போலக் கைகட்டிக்கொண்டு சொன்னார்.

இருவரும் தூங்கவில்லை. இருட்டு வெளுக்கத் தொடங்கும்போது கதவிடுக்கில் ஈரமண் வாசனை நுழைந்தது.

சுள்ளி ஒடிந்தது.

ஊதுகுழலில் மெல்ல ஒரு மூச்சு.

இருமல்.

அரிசி கொதிக்கும் மணம் குடிசை முழுக்கப் பரவியது. பக்கத்துப் பாயில் மாமா எழுந்து உட்கார்வது கேட்டது.

"கொஞ்சம் உட்காரேன்மா," என்றார்.

பாத்திரத்தை மூடும் சத்தம். பிறகு எதுவுமில்லை.

மாமா போய் மூடியைத் திறந்தார். தினமும் ஒருவருக்கு வடித்த சோறு, அன்று இருவருக்கு இருந்தது.

"கண்ணெல்லாம் தண்ணி, எனக்கு ஒண்ணும் தெரியல மச்சான்," என்றார். "நீ பாத்தியா? ரொம்ப இளைச்சிருந்தாளா?"

நான் பார்க்கவில்லை. சொந்த அக்காவுக்குப் பயந்து, போர்வையைத் தலைவரை இழுத்துப் போர்த்தியிருந்தேன்.