வேளைக்காரர் காவல்

காலை ஐந்து நாற்பதுக்கு மணி அடிக்கும். அணைப்பேன். கேத்திலில் தண்ணீர் வைப்பேன். பல் துலக்கி வருவதற்குள் கொதித்துவிடும். இரண்டு கோப்பையில் தேநீர். ஒன்று எனக்கு. மற்றது, சீனி குறைவாக, அவளுடைய படத்துக்கு முன். விளக்குக்கு எண்ணெய் விட்டுத் திரியைத் தூண்டுவேன். என் தேநீரை நின்றபடி குடிப்பேன். ஜாக்கெட், தொப்பி, கையுறை, சப்பாத்து. மூன்று மாடி இறங்கிக் காரின் மேலுள்ள பனியைத் தள்ளுவேன். ஏழு மணிக்கு டோர்வல், மொன்றியல் விமான நிலையம். விமானங்களுக்குச் சாப்பாடு ஏற்றும் இடத்தில், எந்த வண்டி எந்த வாசலுக்குப் போக வேண்டும் என்று அட்டவணை போடுவது என் வேலை.

என் மனைவி சிவாஜினியின் எட்டாம் நாள் சடங்கு, எட்டுச் செலவு, முடிந்த மறுநாளே வேலைக்குப் போய்விட்டேன். முப்பத்திரண்டு வயது அவளுக்கு. தலைக்குள் ஓர் இரத்தக்குழாய் வெடித்தது என்று வைத்தியர் விளக்கினார். தலையை ஆட்டிக் கேட்டேன். அழுகை வரவில்லை. வராததை எல்லோரும் கவனித்தார்கள்.

பன்னிரண்டாம் நாள் காலை, படியில் றோஸ்மேரி அக்காவைக் கண்டேன். மேல்வீட்டுக்காரர். ஊர் யாழ்ப்பாணத்துப் பாசையூர். பக்கத்து ஆஸ்பத்திரியில் இரவு வேலை. நான் இறங்கும் நேரம் அவர் ஏறுவார். வழக்கமாகக் குளிரைப் பற்றி ஒரு சொல் சொல்லிவிட்டுப் போய்விடுவார். அன்று கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"தம்பி, உமக்குத் துணைக்கு வந்து நிக்கிறவர் ஆர்? அவளின்ரை ஆக்களோ?"

ஒருவரும் இல்லை என்றேன்.

நாலு நாளாகத் தான் பார்ப்பதாகச் சொன்னார். என் கதவுக்கு வெளியே, கதவுக்கு முதுகு காட்டி, படியைப் பார்த்தபடி ஒரு மனிதர். நல்ல உயரம். கொண்டை. போன்ஜூர் சொல்லியும் பார்த்தாராம், தமிழிலும் கேட்டாராம். பதில் இல்லை. துக்கத்தில் இருக்கிறார் என்று விட்டுவிட்டாராம்.

பிறகு குரலைத் தாழ்த்தினார்.

"காலிலை ஒண்டும் இல்லைத் தம்பி. இந்தக் குளிரிலை."

நான் கீழே போய்ப் பனியைத் தள்ளினேன். அன்று வேலையில் ஒரு பிழையும் விடவில்லை.

ஆனால் சத்தத்தை நானும் கேட்டுக்கொண்டுதான் இருந்தேன். தேநீர் கொதிக்கும் நேரத்தில், கதவுப் பக்கமிருந்து.

டொக்.

பத்து மூச்சு இழுத்துவிடும் நேரம். திரும்ப ஒன்று. கனமான கம்பை நிலத்தில் ஊன்றுவதுபோல. வெப்பக் குழாய் என்று நினைத்திருந்தேன். இந்தப் பழைய கட்டடத்தில் சனவரி முழுக்கக் குழாய்கள் கதைத்துக்கொண்டிருக்கும். ஆனால் குழாய்களுக்கு மணம் கிடையாது. இதற்கு இருந்தது. நல்லெண்ணெய், வியர்வை, எரிந்து அணைந்த மரம்.

சிவாஜினி ஆய்வுக்கு எடுத்தது இலங்கையின் பழைய தலைநகரான பொலன்னறுவை. பெற்றார் பெயர் கேட்டால் சொல்வதுபோல அந்த நகரத்தின் பெயர்களைச் சொல்வாள். சோழர் பிடித்து, ஜனநாதமங்கலம் என்று பெயர் வைத்து, சிவன் கோயில்கள் கட்டி ஆண்ட தலைநகர். பிறகு சிங்கள மன்னன் விஜயபாகு சோழரைத் துரத்தித் தன் தலைநகராக்கினான். புத்தரின் பல்லுக்கு ஒரு கோயில் எழுப்பினான். அவனுடைய படையில் வேளைக்காரர் என்று தமிழர் இருந்தார்கள். சோழருக்கு எதிராகப் போகச் சொன்னபோது கிளர்ந்தெழுந்து அரண்மனையைக் கொளுத்தியவர்கள். மன்னன் இறந்த பிறகு, அந்தப் பல் கோயிலைக் காக்கும்படி ஒரு பௌத்த தேரர் அதே வேளைக்காரரைத்தான் கேட்டார். அவர்கள் கூடிச் சத்தியம் செய்து, அதைக் கல்லில் வெட்டினார்கள். தமிழில். கோயிலையும் அதன் ஊர்களையும் அதற்குள் தஞ்சம் புகுந்தவர்களையும், தாங்கள் அழிந்தாலும், சூரிய சந்திரர் உள்ளவரை காப்பதாக.

சிவாஜினியின் ஆய்வு இந்தச் சத்தியத்தைப் பற்றியது. அவள் எழுதிய கட்டுரை ஒன்றுக்கு, ஒரே கிழமையில் கொழும்பிலிருந்து ஒருவரும் ரொறன்ரோவிலிருந்து ஒருவரும் துரோகி என்று மின்னஞ்சல் அனுப்பினார்கள். இரண்டையும் அச்செடுத்து, எழுத்துப் பிழைகளைச் சிவப்பு மையால் திருத்தி, குளிர்பெட்டியில் பக்கத்தில் பக்கத்தில் ஒட்டினாள்.

அந்தக் கல்லின் மைப்படி அவளிடம் இருந்தது. கல்லில் ஈரத்தாளை ஒட்டி, தூரிகையால் அடித்து, மை ஒற்றி எடுத்தது. தாள் முழுக்கக் கறுப்பு, எழுத்து மட்டும் வெள்ளை. ஓர் ஆள் உயரம். அவளுடைய மேசைக்கு மேலே சுவரில் தொங்கியது.

எங்கள் வழக்கப்படி, இறந்தவரின் படத்துக்கு முன், முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக் கிரியை வரை விளக்கு எரிய வேண்டும். தினமும் ஏதாவது படைக்க வேண்டும். அந்த விளக்கு அவருக்கு மட்டும். படத்தை வெறும் சுவரோடு வைப்பார்கள். நான் அவள் மேசையில், மைப்படிக்கு நேர் கீழே வைத்தேன். வேறு இடம் யோசிக்க எனக்குத் தோன்றவில்லை. பார்த்தவர்கள் கழற்றச் சொன்னார்கள். கழற்றவில்லை.

இருபத்திரண்டாம் நாள் ரதீசன் அண்ணை வந்தார். அவளுடைய தமையன். மேற்குப் புறநகரான டொலார்ட்-டெஸ்-ஓர்மோவில் வீடு. முப்பத்தோராம் நாள் கொடுக்கும் நினைவுமலரின் அச்சுப்படியைக் கொண்டுவந்தார். எட்டுப் பக்கம். அது மொன்றியலோடு நிற்காது. யாழ்ப்பாணம், லண்டன், ரொறன்ரோ என்று போகும். முப்பது வருடம் கழித்தும் யாரோ ஒருவர் வீட்டு அலுமாரியில் கிடக்கும். அவளைப் பற்றி மிஞ்சப்போவது அதுதான். ஆய்வு முடியவில்லை. பிள்ளை இல்லை.

வாசித்தேன். பொலன்னறுவை தமிழரின் தலைநகர் என்று உலகுக்கு நிறுவிய ஆய்வாளர் என்று இருந்தது. வேளைக்காரரைப் பற்றி ஒரு வரி இல்லை. சத்தியம் இல்லை. கடைசிப் பக்கத்தில் பூங்கொத்துப் படத்துக்குக் கீழே, கண் மூடும் வேளையில் அவள் சொன்னதாக ஒரு வசனம். 'எங்கள் தலைநகர் எங்களுக்கே.'

அவள் அப்படிச் சொல்லவில்லை. கடைசியாக அவள் சொன்னதைக் கேட்டவன் நான் ஒருவன்தான். என்னிடம் யாரும் கேட்கவில்லை.

அதைச் சொன்னேன். சனம் கேக்கும், ஏதும் ஒண்டு போடத்தானே வேணும் என்றார் அண்ணை. இங்குள்ள தமிழ்ச் சங்கத்தின் தலைவர் சண்முகலிங்கம் மாஸ்டர்தான் எழுதிக் கொடுத்தாராம். நான் கையெழுத்துப் போட்டால் அச்சுக்குப் போகும். அந்த இருபத்திரண்டு நாளும் யார் எதை நீட்டினாலும் கையெழுத்துப் போட்டிருக்கிறேன். அன்றும் பேனாவைத் திறந்துவிட்டேன். பிறகு மூடினேன். ஞாயிற்றுக்கிழமை மாஸ்டரோடு வாறன் என்று சொல்லி, அச்சுப்படியை விளக்குக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு அவர் போனார்.

மறுநாள் காலை கேத்தில் வைத்தேன். தேநீரோடு மேசைக்குப் போனேன்.

அச்சுப்படி வைத்த இடத்திலேயே இருந்தது. கடைசிப் பக்கம் மேலே.

அந்த வசனத்தின் நடுவே ஒரு துளை.

எட்டுப் பக்கத்தையும் துளைத்து, அடியில் மேசைப் பலகைக்குள்ளும் போயிருந்தது. என் சுட்டுவிரல் முதல் மூட்டு வரை உள்ளே போனது. விளிம்பு கத்தியால் சீவியதுபோல. மரம் இன்னும் சூடாக இருந்தது.

கோப்பையை வைத்தேன். அப்போதுதான் நான் செய்திருந்தது விளங்கியது. அவளை அந்தச் சத்தியத்துக்குக் கீழே வைத்து, இரண்டுக்கும் சேர்த்து விளக்கேற்றி, இரண்டுக்கும் சேர்த்துப் படைத்திருக்கிறேன். தஞ்சம் என்று ஒருத்தியைக் கொண்டுபோய் விட்டிருக்கிறேன். வேளைக்காரர் ஏற்றுக்கொண்டிருக்கிறார்கள்.

ஓடிப்போகலாம் என்று ஒரு கணம் நினைத்தேன். பிறகு கோபம் வந்தது. இருபத்துமூன்று நாளில் எனக்கு வந்த முதல் உணர்ச்சி அது. வாடகைச் சீட்டில் இரண்டு பெயர் இருக்கின்றன. நான் எங்கேயும் போகவில்லை.

ஞாயிறு பின்னேரம் இரண்டு மணிக்கு இருவரும் வந்தார்கள். வெளியே பனி வெளிச்சம் கண்ணைக் கூசச் செய்தது. மாஸ்டர் ஜாக்கெட்டைக் கழற்றவில்லை. துளையைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். நான் குத்தியது என்று நினைத்துக்கொண்டார்.

அவள் எழுதியதன் சுருக்கம் அப்படியே போகட்டும், வேளைக்காரரும் பல் கோயிலும் எல்லாம், இல்லாவிட்டால் மலரே வேண்டாம் என்றேன்.

மாஸ்டர் சிரித்தார். "அப்ப அந்தியேட்டியையும் விகாரையிலை செய்விப்பமோ, தம்பி?"

அவர் விடவில்லை. இவ்வளவு சனம் செத்த பிறகு, எங்கடை ஆக்கள் அவங்களுக்குக் காவல் நிண்டவை எண்டு அச்சடிச்சுக் குடுக்கச் சொல்லுறீரோ என்று கேட்டார். அந்தக் கேள்வியில் பொய் இல்லை. அவருடைய இரண்டு தம்பிமார் முள்ளிவாய்க்காலில் போனவர்கள். அது எனக்குத் தெரியும். அவளுக்கும் தெரியும். தெரிந்துகொண்டுதான் எழுதினாள்.

"நிண்டவை மாஸ்டர்," என்றேன். "கல்லிலை இருக்கு. தமிழிலை இருக்கு."

ரதீசன் அண்ணை எழுந்தார். இவனோடை இப்ப கதைச்சு வேலையில்லை, இதைக் கொண்டுபோய் மண்டபத்திலை வைப்பம், பேந்து பாப்பம் என்று மாஸ்டரிடம் சொன்னார். மைப்படியைக் கழற்றக் கையை உயர்த்தினார்.

டொக்.

மாஸ்டர் கூரையைப் பார்த்தார். மேல்வீடோ என்றார். மேல்வீட்டு அக்கா நித்திரை என்றேன்.

டொக்.

இப்போது அறைக்குள்.

சுடர் கதவுப் பக்கமாகப் படுத்தது. யன்னல்கள் பூட்டித்தான் இருந்தன. எரிந்த மரத்தின் மணம் தொண்டையில் இறங்கியது.

அண்ணையின் கை ஆணிக்கு ஒரு சாண் தூரத்தில் நின்றது.

அவர் நிறுத்தியதல்ல. பின்னால் இழுத்தார். தோள் வந்தது. கை வரவில்லை. விரல்கள் வெளுத்தன. சட்டைக் கையின் துணி மணிக்கட்டைச் சுற்றிக் கசங்கி அமுங்கியிருந்தது.

அந்த இடத்தில் காற்றைத் தவிர ஒன்றும் இல்லை.

"விடச் சொல்லடா," என்றார். மெல்ல. சுவரைப் பார்த்தபடி, என்னிடம்.

யாரிடம் சொல்வது என்று தெரியவில்லை. ஆனால் அந்த வீட்டில் பேச வேண்டியவன் நான்தான். மைப்படிக்கு முன்னால் போய் நின்றேன்.

"அவர் அவளின்ரை அண்ணை," என்றேன். "அவளைத் தோளிலை தூக்கி வளர்த்தவர்."

பத்து மூச்சு நேரம்.

கை விழுந்தது.

சட்டையை மேலே இழுத்துப் பார்த்தார். மணிக்கட்டில் நாலு விரல் அடையாளம், கரி பூசியதுபோல. துடைத்தார். போகவில்லை.

மாஸ்டர் அதற்குள் வாசலுக்குப் போய்விட்டார். கதவு அகலத் திறந்திருந்தது. அவர் நேரே வெளியேறவில்லை. வயிற்றை உள்ளே இழுத்து, பக்கவாட்டில் திரும்பி, நிலையோடு உரசிக்கொண்டு போனார். நெரிசலான பஸ்ஸில் ஒரு ஆளைக் கடப்பதுபோல. ஏன் அப்படிப் போனார் என்று அவருக்கே தெரியாது என்று நினைக்கிறேன். முகம் சாம்பலாகியிருந்தது.

அண்ணை முதல் படியில் உட்கார்ந்துவிட்டார். மணிக்கட்டைப் பிடித்தபடி, அப்ப அவள் கடைசியா என்னதான் சொன்னவள் என்று கேட்டார்.

சொன்னேன்.

அவர் அழுதார். அவருக்குப் பக்கத்தில் இருந்தேன். எனக்கு அப்போதும் வரவில்லை. போகும்போது அச்சுப்படியைத் துளையோடு மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டார்.

மலர் அவள் எழுதியபடி வந்தது. பொலன்னறுவையின் இரண்டு கொடிகளும் இரண்டு மதங்களும், நடுவில் நின்ற வேளைக்காரரும், அவர்கள் செய்த சத்தியமும். அந்தியேட்டி நடந்த மண்டபத்தில் சிலர் அதை வாங்காமல் கையைக் கட்டிக்கொண்டார்கள். ஒருவர் என் காலடியில் போட்டுவிட்டுப் போனார். பொறுக்கி, அடுத்து வந்தவரிடம் கொடுத்தேன். மாஸ்டர் பின்வரிசையில் இருந்தார். ஒரு பிரதியை எடுத்து மடியில் வைத்திருந்தார். திறக்கவில்லை. போடவும் இல்லை. வீட்டில் கெட்டது இருக்கு, மாறிப் போ என்று பலர் காதுக்குள் சொன்னார்கள். மாறமாட்டேன் என்று சத்தமாகச் சொன்னேன்.

ஐயர் கிரியை முடித்து, ஆன்மா போய்ச் சேர்ந்துவிட்டது, இனி வீட்டு விளக்கை நிறுத்தலாம் என்றார். வந்து நிறுத்தினேன். மைப்படியைத் தொடவில்லை.

முப்பத்திரண்டாம் நாள் காலை கேத்தில் வைத்தேன். ஒரு கோப்பைதான் எடுத்தேன். விளக்கு இல்லை. படையல் இல்லை. சத்தியத்துக்கு இனி இங்கே காப்பதற்கு ஒன்றும் இல்லை என்று நினைத்தேன்.

டொக்.

நின்றபடி கேட்டேன். பத்து மூச்சு. திரும்ப ஒன்று.

காவல் இருக்கிறது என்றால், உள்ளே யாரோ இருக்க வேண்டும்.

படியில் றோஸ்மேரி அக்கா ஏறி வந்தார். என் முகத்தைப் பார்த்து, நான் கேட்காமலே சொன்னார்.

"இண்டைக்குக் கொஞ்சம் விலகி நிக்கிறார் தம்பி. ஆரோ போய்வரட்டும் எண்டு வழி விட்டமாதிரி."

நான் திரும்பிப் பார்த்தேன். என் கண்ணுக்குக் கதவு மட்டும்தான் தெரிந்தது. கையில் திறப்பு இருந்தது. பூட்டவில்லை.

அண்ணையிடம் படியில் சொன்ன அவளுடைய கடைசி வார்த்தையை, மலரின் கடைசிப் பக்கத்தில் பூங்கொத்து இல்லாமல் போட்டிருக்கிறோம். அவள் இறந்த அன்று காலை, அவளும் நானும் சேர்ந்து வேலைக்குப் புறப்பட்டோம். நான் காரைச் சூடாக்க முதலில் இறங்கினேன். பத்து நிமிடம் காத்திருந்தேன். அவள் வரவில்லை. பிறகுதான் மேலே ஓடினேன். அதற்குள் எல்லாம் முடிந்திருந்தது. அதற்கு முன், நான் இறங்க வெளியே கால் வைத்தபோது, அவள் உள்ளே சால்வையைத் தேடிக்கொண்டே சொன்னாள்:

"கதவைப் பூட்டாதேங்கோ. நான் வாறன்."