முழங்கால் உயரக் கதவு

படத்தில் வில்மோஷ் சிறுத்துக்கொண்டே போனான். அதுதான் தவறு. எடிட்டிங் மேஜையில் குனிந்திருந்த இல்கா சுருளைத் திருப்பி ஓட்டி மூன்றாம் முறை பார்த்தாள். காட்சிக்காகப் போட்ட அந்த நடைக்கூடம் பலகையில் செய்த பொய். மொத்தமே பதினைந்தடிதான், முன்னால் ஆளுயரம், போகப்போகக் குறுகி, கடைசியில் முழங்கால் உயரத்தில் ஒரு கதவு. உள்ளே நடப்பவன் ராட்சசனாகத் தெரிய வேண்டும், தலை கூரையில் இடிக்க வேண்டும். அவள் கணவனோ நிமிர்ந்தே நடந்து, கதவைத் திறந்து உள்ளே போய், சாத்திக்கொண்டான்.

நேற்றுக் காலை எடுத்த காட்சி. அதன்பின் அவன் வீட்டுக்கு வரவில்லை.

இயக்குநர் பர்னபாஷிடம் கேட்டாள். கேமராவை ஓடவிட்டுவிட்டு எல்லோரும் காபி குடிக்கப் போய்விட்டார்களாம். யாரும் பார்க்காமல் எடுப்பதும் ஒரு சோதனையாம். மகா சோதனைதான்.

"எங்கயாச்சும் குடிச்சிட்டுக் கிடப்பான். நீ பிலிம் ஒட்டுற வேலையப் பாரும்மா" என்றார்.

அவனுக்கென்று பன்றிக்கொழுப்பு தடவிக் கொண்டுவந்த ரொட்டியை எடுத்துக்கொண்டு படப்பிடிப்புக் கூடத்துக்குப் போனாள். மதிய நேரம், கூரைக் கண்ணாடியில் மழை தட்டிக்கொண்டிருக்க, பலகை ஒட்டிய எலும்புப் பசையின் நாற்றத்தோடு கெட்டுப்போன இறைச்சி நாற்றமும் கலந்து வந்தது. நடைக்கூடத்துக்குள் குனிந்து போனாள், பிறகு தவழ்ந்தாள். சுவர்கள் உள்ளங்கையில் பிசுபிசுத்தன. கதவின் சின்னக் குமிழ் வெதுவெதுப்பாக இருந்தது.

திறந்தாள். பின்னால் செங்கல் சுவர்தான் இருக்க வேண்டும். ஆனால் நடைக்கூடம் மங்கலாக நீண்டுகொண்டே போனது. வெகு தூரத்தில் வில்மோஷ். அவளைக் கண்டதும் கையசைத்தான். அவளுக்கு உயிர் வந்தது.

அவன் நடந்து வந்தான். எதையோ பின்னால் இழுத்து வந்தான். கோட்டு என்று நினைத்தாள். சளக், சளக் என்று ஈரச் சத்தம்.

"இல்கா, பசிக்குதுடி."

குரல் பக்கத்தில் கேட்டது. மிகப் பக்கத்தில்.

அவன் தூரத்திலேயே இல்லை. வாசலுக்கு வந்துவிட்டான். ஒரு சாண் உயரம்.

எலும்பு சிறுத்திருந்தது. தோல் சிறுக்கவில்லை. ஆறடி ஆளின் தோல், நனைந்த போர்வையாய், மயிரோடும் நகத்தோடும் பின்னால் இழுபட்டது. ரொட்டி கைநழுவி விழுந்தது. இத்தனை வருஷம் கட்டிக்கொண்டு படுத்த உடம்பு.

"தூக்கிக்கோ. வீட்டுக்குப் போலாம்."

கதவைத் தள்ளினாள். மூடவில்லை. இடுக்கில் தோல். அதைப் பிடித்து உதறினாள். வழுக்கியது.

அந்தத் தோலின் எலும்பில்லாத விரல் ஒன்று, கல்யாண மோதிரத்தோடு, அவள் கட்டைவிரலைச் சுற்றிக்கொண்டு மெல்ல இறுக்கியது.