பற்றில்லாத கை

தாழ்கழி ஊரின் தலைக்கு மேலே கடல் நின்றுகொண்டிருந்தது. அது எப்போதும் நிற்பதுதான். கல்லும் மண்ணும் இல்லாமல், அணங்கு என்ற ஆற்றல் ஒன்றே மதிலாகி அதைத் தாங்கிக்கொண்டிருந்தது. மொட்டை மாடியில் துணி காயப்போடும் பெண்கள், மதிலுக்கு அப்பால் திருக்கை மீன் நீந்துவதைப் பார்த்துக்கொண்டே வேலையை முடிப்பார்கள். இன்று மாடியில் ஒருவரும் இல்லை. காலையிலிருந்து மதில் கசிந்துகொண்டிருந்தது.

குன்றின் உச்சியில் அணங்கிசைப்பானுக்கு முன்னால் உமையாள் கையைப் பிசைந்துகொண்டு நின்றாள். ஆளுயரப் பித்தளைப் பெட்டி, ஒரு கைப்பிடி, ஒரு முள், அவ்வளவுதான் அந்த யந்திரம். கைப்பிடியைச் சுற்றி முள்ளை நடுக்கோட்டில் நிறுத்தினால் அணங்கு சுருதி சேரும், மதில் இறுகும். அடுத்த ஊர் இசைப்பான் உமையாளின் பொறுப்புதான். அங்கே கண்ணை மூடிக்கொண்டு நிறுத்திவிடுவாள். சொந்த ஊருக்கு அவள் கை ஆகாது. கைப்பிடியைப் பிடிப்பவர் மனதில் இன்னது நடக்க வேண்டும் என்ற ஆசை துளி இருந்தாலும் போதும், அணங்கு அதனால் இழுபட்டு முள் ஆடத் தொடங்கிவிடும். அதனால்தான் ஒவ்வொரு ஊருக்கும் வேற்றூர் ஆள் என்று வழக்கம் வைத்திருந்தார்கள். மகா புத்திசாலித்தனமான ஏற்பாடு! அந்த வேற்றூர் ஆள் காய்ச்சலில் விழுந்தால் என்ன செய்வது என்பதை மட்டும் அந்தப் புத்திசாலிகள் யோசிக்கவில்லை.

இன்று அந்த ஆள் காய்ச்சலில் கிடக்க, வேறு வழியில்லாமல் உமையாளே தொட்டுப் பார்த்திருந்தாள். முள் பேயாட்டம் ஆடியது. கீழே மதில் ஓரிடத்தில் கிழிந்து, ஊரிலிருந்து குன்றுக்கு ஏறும் ஒரே படிப்பாதையின் மேல் தண்ணீர் கொட்டத் தொடங்கியது. இனி யாரும் மேலே வர முடியாது. அவள் மகள் பவளம் ஊரோடு ஊராகக் கீழே மாட்டிக்கொண்டிருந்தாள்.

அப்போதுதான் குன்றின் மறுபக்கச் சாலையில், கோரைப்பாய்க் கட்டைச் சுமந்துகொண்டு ஒருவர் வந்து, நிழல் கண்டு உட்கார்ந்தார். பூவலிங்கம் என்று பெயர் சொன்னார். மலைநாட்டுக்காரர்; இந்தப் பக்கமே புதிது. கீழே ஊர் இருப்பதுகூட அவருக்குத் தெரியவில்லை. பாறை விளிம்பு அதை மறைத்திருந்தது.

உமையாளுக்கு அவர் காலில் விழ வேண்டும்போல் இருந்தது. விழுந்தால் காரியம் கெட்டுவிடும். விஷயத்தைச் சொன்னால் அவருக்கு இரக்கம் வரும். கூலி தருகிறேன் என்றால் கூலிமேல் ஆசை வரும். முள் இரண்டையும் காட்டிக்கொடுத்துவிடும்.

"அண்ணே, சும்மாதானே உக்காந்திருக்கீங்க, இந்தக் கைப்பிடியக் கொஞ்சம் சுத்துங்களேன். முள்ளு நடுவுல நிக்கணும். எனக்குக் கை வலிக்குது."

"என்ன தாயி இது?"

"பழைய யந்திரம். அப்பப்ப சுத்தி வைக்கிறது வழக்கம்."

"சுத்துனாப் போச்சு" என்று ஒரு கையால் முதுகைச் சொறிந்துகொண்டே மறு கையால் சுற்றினார். கடல் காற்றில் பாய் நமத்துப்போவதைப் பற்றிப் புலம்பிக்கொண்டே சுற்றினார். முள் துளிகூட ஆடாமல் நகர்ந்தது. இத்தனை சுத்தமான கையை உமையாள் பார்த்ததே இல்லை. தண்ணீர் கொட்டும் இரைச்சல் மெல்ல அடங்கியது.

நடுக்கோட்டுக்கு மயிரிழை இருக்கும்போது அவர் கையை எடுத்துவிட்டார்.

"கை கடுக்குது தாயி. மிச்சத்த நீயே சுத்திக்க." பாயை விரித்துப் படுத்தார்.

"இன்னும் ஒரே ஒரு சுத்து அண்ணே..."

"அப்புறம் பாக்கலாம். இப்ப என்ன குடியா முழுகிப்போச்சு?"

முள் பின்னால் நழுவத் தொடங்கியது. இரைச்சல் மறுபடி எழுந்தது. அக்கறை இல்லாததால்தான் அவரால் முடிந்தது. அதே அக்கறை இல்லாததால்தான் படுத்துவிட்டார். குறை சொல்லவும் வழியில்லை. உப்புக் கேட்பதுபோல் சாதாரணமாக இன்னொரு முறை கேட்டுப் பார்க்க நினைத்து வாயைத் திறந்தாள். குரல் உடைந்துவிட்டது.

பூவலிங்கம் எழுந்து உட்கார்ந்தார். "ஏன் தாயி அழுவுற? என்ன சத்தம் அது? கீழ யாரு இருக்கா?"

யாருமில்லை என்று சொல்லியிருக்க வேண்டும். சொல்லத்தான் நினைத்தாள். பெற்ற வயிறு கேட்கவில்லை.

"எம் மக இருக்கா அண்ணே. ஊரே இருக்கு. இது நேரா நிக்கலேன்னா கடல் உள்ள வந்துரும்."

"அடக் கடவுளே! இத மொதல்லயே சொல்லக் கூடாதா?"

"வேண்டாம், தொடாதீங்க!" என்று கத்திக்கொண்டு அவர் கையைப் பிடித்து இழுத்தாள். அவர் அவளை மெதுவாக ஒதுக்கிவிட்டார். எனக்கும் பேத்தி இருக்கிறாள் என்றார். குலதெய்வத்தைக் கூப்பிட்டார். இரண்டு கைகளாலும் கைப்பிடியைப் பற்றி, பல்லைக் கடித்துக்கொண்டு, மனசாரச் சுற்றினார். முள் இந்த முனைக்கும் அந்த முனைக்கும் போய் மோதியது.

கீழே மதில் உடைந்தது. அந்தச் சத்தத்திலும் பூவலிங்கம் கைப்பிடியை விடவில்லை. கண்ணீர் வழிய, "பயப்படாத தாயி, நான் இருக்கேன், பயப்படாத" என்று சொல்லிக்கொண்டே சுற்றினார்.