பிளவாய்க்கு ஒரு வேலி

மருதி இன்னும் அழுகிறாள் என்பதுதான் நீலங்கரடு முழுக்கப் பேச்சு. புருஷனைப் பறிகொடுத்து ஒரு வாரம் ஆகிறது, இன்னுமா அழுவாள் ஒருத்தி! சாவு விழுந்த வீட்டுக்கு மற்ற ஊர்களில் சோறு கொண்டுபோவார்கள். இங்கே தேற்றியைக் கொண்டுபோவார்கள். மருதியோ அதை வாசலிலேயே திருப்பி அனுப்பிவிட்டாள்.

தேற்றி என்பது குடத்தளவு பெட்டி. உள்ளே ஒரு துண்டு நீலக்கல். விசையைத் திருகினால் கல் மெல்ல அதிரும். எதிரே இருப்பவரின் துக்கம் கொஞ்ச நேரத்தில் வடிந்துவிடும். செத்தவரின் முகமும் பேச்சும் நினைவில் அப்படியே இருக்கும், வலி மட்டும் இருக்காது. அந்தக் கல் கிடைப்பது ஒரே இடத்தில்தான்: ஊருக்குக் கிழக்கே, அடி தெரியாமல் வாய்பிளந்து கிடக்கும் பிளவாயின் விளிம்பில். அந்த விளிம்பு இன்றைக்குக் கருங்கல் மாதிரி நிற்கும், நாளைக்கு அப்பளமாக நொறுங்கும். எந்தக் கருவிக்கும் அதன் குணம் பிடிபடவில்லை. கல் வெட்டப் போன மருதியின் புருஷன் ஆதன் உளியும் கையுமாக உள்ளே போனது அப்படித்தான்.

சூடு கண்ட பூனை அடுப்பங்கரை பக்கம் போகாது என்பார்கள். நீலங்கரட்டுப் பூனைகளுக்குத்தான் சுட்ட வலி மறுநாளே போய்விடுகிறதே! அதனால் வருஷத்துக்குப் பத்துப் பேரையாவது பிளவாய் விழுங்கியது. மறுநாளே அவர்களுடைய பிள்ளைகள் அதே விளிம்பில் கல் பொறுக்கினார்கள். இத்தனை காலத்தில் அங்கே ஒரு வேலி போட வேண்டும் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை. மருதிக்குத் தோன்றியது, வலி இருந்ததால் தோன்றியது.

ஊர்த்தலைவர் பொறையனிடம் போய் நின்றாள்.

"வேலியா? போடேன் தாயி, யாரு வேண்டாம்னா?" என்றார் அவர். "என் மகனுங்க ரெண்டு பேரும் அங்கதான் போனானுங்க. பெரியவன் நல்லாப் பாடுவான்." குழம்பு அடிப்பிடித்த கதையைச் சொல்வதுபோலச் சொன்னார். இரும்புக் கம்பங்களைத் தாராளமாகக் கொடுத்தார். குழி தோண்டத்தான் ஒரு ஆளும் வரவில்லை. எதற்கென்று வருவார்கள்?

மருதி தனியாகத் தோண்டினாள். கை பொத்துப்போயிற்று. வேலி முடிகிறவரைக்கும் இந்த வலி தனக்குள் இருந்தாக வேண்டும் என்று பல்லைக் கடித்துக்கொண்டாள். அவளால் தாங்க முடிந்தது. மகள் குயிலியின் அழுகையைத்தான் தாங்க முடியவில்லை.

"அம்மா, நெஞ்செல்லாம் வலிக்குதும்மா. ஒரே ஒரு தடவை தேற்றி வச்சுக்கிறேனே!"

"வேண்டாம்டி கண்ணு. வலி போச்சுன்னா பயமும் போயிரும். பயம் போச்சுன்னா நீ அங்க போயிருவ."

"போக மாட்டேம்மா. சத்தியமா."

எட்டு வயசுப் பிள்ளை சோறு இறங்காமல் துரும்பாக இளைத்துக்கொண்டிருந்தாள். ஆனாலும் மருதி இறங்கி வரவில்லை. வீட்டைப் பூட்டிவிட்டுத்தான் வேலைக்குப் போனாள்.

அடுத்த வீட்டுப் பவளக்காவுக்கு மனசு கேட்கவில்லை. நல்ல மனுஷி, பாவம். ஒருநாள் முற்பகலில் தேற்றியைக் கொண்டுபோய்க் குயிலி இருந்த ஜன்னலில் வைத்து விசையைத் திருகிவிட்டாள். பிள்ளை கண்ணைத் துடைத்துக்கொண்டு பசிக்கிறது என்றாள். சோறு ஊட்டி முடித்ததும் வாசல் பூட்டையும் நெம்பித் திறந்துவிட்டாள் பவளக்கா.

மருதி நிமிர்ந்து பார்த்தபோது குயிலி விளிம்பில் குந்தி நீலச் சில்லுகளைப் பொறுக்கிக்கொண்டிருந்தாள். ஐயோ! அலறவும் பயந்து, தவழ்ந்து போய்ப் பிள்ளையை வாரி இழுத்துக்கொண்டு வந்தாள்.

"ஏம்மா நடுங்குற? அப்பா விழுந்த இடத்தைப் பாத்தேன். அழகா இருக்கு" என்றாள் குயிலி.

அதற்குப் பிறகு மருதி வீட்டுக்கே போகவில்லை. மகளை இடுப்போடு கயிற்றால் கட்டிக்கொண்டு தோண்டினாள். ஒரு பகல், ஒரு இரவு, மறுநாள் உச்சிவெயில் வரைக்கும் தோண்டினாள். வேலி பிளவாயை ஏறக்குறைய வளைத்துவிட்டது. ஒரு வண்டி நுழையும் அளவுக்கு இடைவெளி பாக்கி, அவ்வளவுதான். கண் இருட்டியது. ஒரு நிமிஷம் என்று கம்பத்தில் சாய்ந்தவள் அப்படியே உறங்கிப்போனாள். உறக்கத்திலும் விசும்பினாள்.

குயிலி அம்மாவின் பொத்துப்போன கைகளைப் பார்த்தாள். கயிற்றை அவிழ்த்துக்கொண்டு ஓடிப்போய்ப் பவளக்காவிடம் தேற்றியை வாங்கி வந்தாள். அம்மாவின் முகத்துக்கு நேரே வைத்து, இரண்டு கையாலும் விசையைத் திருகினாள்.

"உனக்கும் வலிக்கக் கூடாதும்மா."

மருதி கண் விழித்தபோது உடம்பு லேசாக இருந்தது. எவ்வளவு நாளைக்குப் பிறகு நல்ல தூக்கம்! பக்கத்தில் பவளக்கா நின்றிருந்தாள்.

"மிச்சக் கம்பத்தை என்ன செய்யப்போற மருதி? எங்க ஆட்டுப் பட்டிக்கு ஆகும்."

"எடுத்துக்கக்கா. நட்டதையும் பிடுங்கிக்க. எனக்கு எதுக்கு?"

எதற்காக நட்டோம் என்பது அவளுக்கு நன்றாகவே நினைவிருந்தது. அதற்கு ஏன் இப்படி மாரடித்தோம் என்பதுதான் புரியவில்லை. எழுந்து சேலை மண்ணைத் தட்டினாள். இடைவெளி வழியே குயிலி பிளவாயைப் பார்த்து ஓடிக்கொண்டிருந்தாள்.

"சீக்கிரம் வாடி, சோறு ஆக்கிவைக்கிறேன்!" என்று குரல் கொடுத்துவிட்டு மருதி வீட்டைப் பார்த்து நடந்தாள்.