கோலம் இல்லாத வாசல்

கோலமாவை நான் இன்றைக்கும் தொடுவதில்லை.

1976 மே மாதம். யமுனைக் கரையில் சர்க்கார் நிலத்தை ஆக்கிரமித்திருந்த குடிசைகளை அகற்ற உத்தரவாகியிருந்தது. எல்லாம் சட்டப்படிதான். நோட்டீஸ் கொடுத்தாயிற்று. தமிழ்க் கூலிக்காரர்கள் இருந்த வரிசைக்குத் தமிழ் தெரிந்த குமாஸ்தா வேண்டுமென்று என்னை ஜீப்பில் ஏற்றிக்கொண்டு போனார்கள். காலை ஏழு மணிக்கே வெயில் மண்டையைப் பிளந்தது.

ஆள் இருக்கும் குடிசை என்றால் வெளியேற்றி லாரியில் ஏற்ற வேண்டும். ஆள் இல்லையென்றால் வாசல் தட்டியில் சுண்ணாம்பால் இந்தியில் ‘காலி’ என்று எழுதி, கீழே கையெழுத்துப் போட வேண்டும். எழுதிய குடிசைக்கு உடனே புல்டோசர் வரும்.

எழுதுவதற்கு முன் உள்ளே எட்டிப் பார்க்க வேண்டும் என்பது விதி. சாக்கடை நாறி ஈ மொய்க்கும் இடத்தில் எவன் தலையை நீட்டுவான்? நான் மகா கெட்டிக்காரன் இல்லையா, ஒரு குறுக்குவழி கண்டுபிடித்தேன். நம் ஜனங்கள் குடிசையானாலும் விடிந்ததும் வாசலில் கோலம் போட்டுவிடுவார்கள். கோலம் இருந்தால் ஆள் உண்டு. இல்லாவிட்டால் காலி.

“அச்சா சேஷு, ஜல்தி முடிஞ்சுடும்” என்று கூட வந்த இன்ஜினியர் என் முதுகில் தட்டினார். எனக்குப் பெருமை தாங்கவில்லை. தூ.

கடைசிக் குடிசையில் கோலம் இல்லை. சாக்குப் படுதா தொங்கியது. அதற்குப் பின்னாலிருந்து இனிப்பாக, கனமாக ஒரு நாற்றம் வந்தது. கைக்குட்டையால் மூக்கைப் பொத்திக்கொண்டு பத்தடி தள்ளி நின்றேன்.

“உள்ள யாராவது இருக்கேளா?”

ஏதோ அசைந்தது.

பெருச்சாளி என்று நினைத்தேன். நினைத்துக்கொண்டேன் என்பதுதான் சரி. கிட்டே போய், தலையை உள்ளே நீட்டாமலே தட்டியில் ‘காலி’ என்று எழுதினேன்.

கூரை சரிந்தபோது லாரியிலிருந்து பொன்னி என்கிற சித்தாள் குதித்து ஓடிவந்தாள். கத்தவில்லை. என் சட்டையைப் பிடித்துக்கொண்டு மெதுவாகக் கேட்டாள்: “சாவு வீட்டுல எவ சாமி கோலம் போடுவா?”

இடிபாட்டை விலக்கியதும் முந்தின நாள் செத்த மூக்கன் முதலில் தெரிந்தான். அவன் தலையை மடியில் வைத்தபடி அவன் பெண்டாட்டி வீராயி. அழுதழுது அவளுக்குக் குரலே போய்விட்டிருந்ததாம். வாய் திறந்திருந்தது. வாய் நிறைய மண்.

“லிஸ்ட்ல காலின்னா காலிதான்” என்றார் இன்ஜினியர். குப்பை லாரியில் இரண்டு பேரையும் ஏற்றினார்கள். நான் ரிப்போர்ட்டில் ‘காலி’ என்றே எழுதினேன். மத்தியானம் தயிர்சாதம் சாப்பிட்டேன். இறங்கியது.

மூன்றாம் நாள் சாயங்காலம் மோதி பாக்கில் இருந்த என் சர்க்கார் குவார்ட்டர்ஸுக்குத் திரும்பினேன். காலையில் என் மனைவி விசாலாக்ஷி போட்ட கோலம் வாசலில் இல்லை. அழித்த தடமும் இல்லை.

நாற்றம் மட்டும் இருந்தது.

கதவில் சுண்ணாம்பால் ‘காலி’ என்று இந்தியில் எழுதியிருந்தது. மேல்கோடு இடப்பக்கம் சரியும் என் எழுத்து. கீழே என் கையெழுத்து.

“விசாலம்.”

கதவைத் திறக்கக் கை வரவில்லை. அந்த நேரத்திலும் என் கை பையிலிருந்து கைக்குட்டையைத்தான் எடுத்தது. அதை வீசி எறிந்துவிட்டுக் கதவைத் தள்ளினேன்.

சமையலறை மூலையில் அவள் உட்கார்ந்திருந்தாள். உயிரோடுதான் இருந்தாள்.

“யாரோ ஒரு பொம்மனாட்டி வந்தா” என்றாள் கிசுகிசுப்பாக. “வாசல்லயே நின்னுண்டு, உள்ள யாராவது இருக்கேளான்னு கேட்டா. இருக்கேன், இருக்கேன்னு மூணு தரம் சொன்னேன். அவ காதுல விழவே இல்ல. எதையோ எழுதிட்டுப் போயிட்டா. அவ வாயில மண்ணு.”

ராத்திரி முழுக்கக் கதவைத் தேய்த்துக் கழுவினேன். எழுத்து போயிற்று.

விடிந்ததும் விசாலம் வாசல் தெளித்து, மாவை எடுத்துக் கோடு இழுத்தாள். விரலிடுக்கிலிருந்து மாவு விழுவதை இரண்டு பேரும் பார்த்தோம். தரையில் ஒரு பொட்டுகூட விழவில்லை.

அவள் டப்பா மாவு தீரும்வரை இழுத்துக்கொண்டே இருந்தாள். வாசல் வெறுமையாகவே கிடந்தது.