கேக்கின் கருகிய பக்கம்

கேக் கடைக்காரர் கையெல்லாம் மாவோடு துப்பறிவாளர் வீட்டுக்குள் வந்து நாற்காலியில் தொப்பென்று உட்கார்ந்தார்.

"சார், கேக்குக்குள்ள வெச்ச மோதிரத்தைக் காணோம். கேக்குக்குக் கிரீம் பூசற வேலைக்காரம்மாதான் எடுத்திருக்கணும். இன்னிக்கே வேலையை விட்டு நிறுத்திடறேன். அதுக்கு முன்னாடி நீங்க ஒரு தடவை வந்து பாருங்க."

துப்பறிவாளர் மெல்ல எழுந்தார். அவர் தங்கை அதற்குள் வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டிருந்தாள். எந்த வழக்கிலும் முதலில் கிளம்புபவள் அவள். தப்பான ஆளை முதலில் பிடிப்பவளும் அவளே.

கடை மேசையில் ஒரு சதுர கேக். மேலே கிரீமால் கட்டங்கள், நடுவில் ஒரு செர்ரி, கீழ் ஓரத்தில் பெண்ணின் பெயர். மேசையருகே ஒரு கணக்கு வாத்தியாரும், மோதிரம் கொடுத்து அவர் கல்யாணத்துக்குக் கேட்கவிருந்த கணக்கு டீச்சரும்.

"செர்ரியிலிருந்து வலப்பக்கம் மூணு கட்டம், மேலே ஒண்ணுன்னு இவங்ககிட்ட புதிர் போட்டேன்," என்றார் வாத்தியார் பரிதாபமாக. "அங்க வெட்டினா வெறும் கேக்."

"மொத்தமா உடைச்சுப் பாத்துடலாமே?" என்றாள் தங்கை.

"ஐயோ! ரெண்டு வீட்டு ஆளுங்களும் வந்துக்கிட்டிருக்காங்க!" என்று பதறினார் வாத்தியார்.

"உள்ளே வெச்சது யாரு?" என்றார் துப்பறிவாளர்.

"நான்தான்," என்றார் கடைக்காரர். "கிரீம் பூசறதுக்கு முன்னாடி அளந்து வெச்சேன். நடுவிலிருந்து என் வலப்பக்கம் மூணு கட்டம், எதிர்ப்பக்கமா ஒண்ணு. அடுப்புல பின்பக்கம் எப்பவும் லேசா கருகும். அந்தப் பக்கம் எனக்கு எதிர்ல இருக்கும்படிதான் கேக்கை வைப்பேன்."

தங்கை கிரீம் வேலைக்காரம்மாவை முறைத்தாள்.

"என்ன முறைப்பு? பையைப் பாக்கணுமா? பாருங்க. பாதி பிஸ்கட் இருக்கும், அதையும் வழக்குல சேத்துக்குங்க!"

"நீங்க எப்படிம்மா கிரீம் பூசுவீங்க?" என்றார் துப்பறிவாளர்.

"சுத்துற பலகையில வெச்சுத்தான் சார். நான் நகரமாட்டேன், கேக்தான் சுத்தும். முடியும்போது எந்தப் பக்கம் எனக்கு நேரா நிக்குதோ, அங்க பேரை எழுதிடுவேன்."

துப்பறிவாளர் ஒரு கரண்டியால் பெயருக்கு எதிர்ப்பக்க விளிம்பில் கிரீமைச் சுரண்டினார். வெளுப்பு. இடது விளிம்பில் சுரண்டினார். கறுப்பு.

"எதிர்ல இருந்த கருகின பக்கம் இப்போ இடப்பக்கம் வந்திருக்கு. கேக் இடதுபக்கமா கால் வட்டம் திரும்பியிருக்கு. செர்ரி மட்டும்தான் இருந்த இடத்திலேயே இருக்கும். மத்த எல்லாப் புள்ளியும் அதைச் சுத்தி அதே தூரத்துல திரும்பிடும்."

டீச்சர் துள்ளி எழுந்தார். "வலப்பக்கம் இருந்த மூணு மேலே போயிடும்! மேலே இருந்த ஒண்ணு இடப்பக்கம் வந்துடும்!"

"வெட்டுங்கம்மா. அங்க மட்டும்."

செர்ரியிலிருந்து இடப்பக்கம் ஒன்று, மேலே மூன்று. கத்தி எதிலோ இடித்து 'டிங்' என்றது.

கடைக்காரர் வேலைக்காரம்மா பக்கம் திரும்பி, "தப்புதாம்மா. மன்னிச்சுக்க," என்றார்.

"மன்னிக்கிறேன். மீதி கேக்குல முதல் துண்டு எனக்கு."

மோதிரத்தைத் துடைத்து எடுத்துக்கொண்டு வாத்தியார் டீச்சர் முன்னால் வந்து நின்றார். டீச்சர் கையை நீட்டினார்.

"சம்மதம்தான். எந்த விரல்னு மறுபடி புதிர் போடாம நேரா போட்டுவிடுங்க!"