கூடிப்போன டீசல்

காலை பத்து மணிக்கு வழங்கல் துறை விசாரணை அதிகாரி வந்தபோது பெட்ரோல் பங்க் கயிறு கட்டி மூடிக் கிடந்தது. பெட்ரோல் தொட்டியில் ஆயிரம் லிட்டருக்கு மேல் காணோம் என்று முதலாளியே போன மாதம் புகார் கொடுத்திருந்தார். பூட்டு உடையவில்லை. சாவி இரண்டு பேரிடம்தான்: ஒன்று முதலாளியிடம், இன்னொன்று அவர் மச்சினனிடம். மச்சினனை வீடேறித் திட்டி, அப்போதே வேலையை விட்டு விரட்டியாயிற்று.

"எடுத்தவன் யாருன்னு ஊருக்கே தெரியும் மேடம். கூடப் பொறந்தவன்னு என் சம்சாரம்தான் வாய மூடிக்கிட்டிருக்கா" என்றார் முதலாளி.

அதிகாரி இருப்புப் பதிவேட்டைப் புரட்டினார். பெட்ரோல் பக்கம் நிரம்பியிருந்தது. டீசல் பக்கம் ஒரு மாதமாக வெறுமை.

"டீசல் ஏன் எழுதல?"

"வேலை மும்முரத்துல மறந்துட்டேன்."

"இதுக்கே லைசென்ஸ் போயிடும், தெரியுமா?"

முதலாளி தலையாட்டினார். அவர் மனைவி கல்லாவுக்குப் பின்னால் நின்றிருந்தாள்.

பம்பில் வேலை பார்க்கும் பெண்ணை வெளியே அழைத்துக் கேட்டார் அதிகாரி.

"தொட்டிய யாரும்மா அளப்பா?"

"ஐயாதாங்க. வேற யாரையும் விடமாட்டாரு. போன மாசம் ரூமுக்கு வெள்ளையடிச்சதுக்கப்புறம் டீசல் அளக்கும்போதெல்லாம், 'எப்படிக் கூடும், எப்படிக் கூடும்'னு முனகிக்கிட்டே இருப்பாரு."

அதிகாரி நின்றார். திருடுபவன் எடுத்துக்கொண்டு போவான். கொண்டுவந்து ஊற்றுகிற திருடன் எங்கே இருக்கிறான்?

அறைக்குள் திரும்பி வந்தார். புதுச் சுண்ணாம்பு வாடை இன்னும் போகவில்லை. சுவரில் இரண்டு ஆணிகள், இரண்டிலும் அளவுகோல்கள். ஒன்றின் தலையில் சிவப்பு, மற்றதில் நீலம். பெட்ரோல் தொட்டி பெரியது, டீசல் தொட்டி சிறியது. அதனால் தொட்டிக்கு ஒரு கோல், கோலுக்கு ஒரு லிட்டர்க் கணக்கு.

"பெட்ரோல அளந்து காட்டுங்க சார்."

முதலாளி சுவரைப் பார்க்காமலே இடது ஆணியிலிருந்து கோலை எடுத்தார். தொட்டிக்குள் விட்டுத் தூக்கினார். ஈரம் நின்ற இடத்தைக் கட்டைவிரலால் தேடி, பொறித்திருந்த வரிகளைத் தடவித் தடவி ஓர் அளவு சொன்னார்.

"கோலோட தலையில என்ன கலரு?"

"சிவப்புதான். பெட்ரோல் கோலாச்சே."

அவர் கையிலிருந்தது நீலம்.

அதிகாரி சிவப்புக் கோலை எடுத்துத் தானே அளந்தார். விற்றது போக எவ்வளவு இருக்க வேண்டுமோ அவ்வளவும் இருந்தது.

"ஒரு சொட்டுகூடத் திருடு போகல. வெள்ளையடிச்சவர் கோல மாத்தி மாட்டிட்டார். சின்னத் தொட்டியோட கோல பெரிய தொட்டியில விட்டா பெட்ரோல் குறையும்; பெரிய தொட்டியோடத சின்னதுல விட்டா டீசல் கூடும். கண்ணு தெரியிற யாரும் மறுநாளே கண்டுபிடிச்சிருப்பாங்க." குரலைத் தாழ்த்தினார். "எவ்வளவு நாளா சார்?"

முதலாளியின் முகம் சுண்டிப்போயிற்று.

"ஒரு வருஷமா மங்கிக்கிட்டே வருது. முதலாளிக்குக் கண்ணு போச்சுன்னா எவன் மதிப்பான்?"

"டீசல் கூடுதுன்னு தெரிஞ்சும் ஏன் மறைச்சீங்க?"

முதலாளி கோலின் வரிகளை மறுபடி விரலால் தடவினார்.

"அப்பவே உறைச்சுது மேடம், அவன் எடுக்கலன்னு. ஆனா அதுக்குள்ள திருடன்னு கத்தி, புகாரும் குடுத்துட்டேன். சொன்ன வாயால எப்படித் திரும்ப..."

கல்லாவுக்குப் பின்னாலிருந்து மனைவி வெளியே வந்தாள். அவரைப் பார்க்காமல் தெருவில் இறங்கி நடந்தாள்.

"கண்ணு தெரியலன்னு சொல்லியிருந்தா ஒரு ஆள வெச்சு அளந்திருக்கலாம், லைசென்சும் தப்பிச்சிருக்கும்" என்றார் அதிகாரி. "வேணும்னே எழுதாம விட்டதுக்கு மன்னிப்பு கிடையாது." ரத்து உத்தரவில் கையெழுத்திட்டார்.

அன்று மதியமே முதலாளி மச்சினன் வீட்டு வாசலில் போய் நின்றார்.

"தப்புப் பண்ணிட்டேன் மாப்ளே."

"எங்கிட்ட ஏன் மாமா சொல்றீங்க?" மச்சினன் குரல் உயரவில்லை. "எம் பிள்ளைங்க முன்னாடிதான திருடன்னீங்க? உள்ள சாப்பிட்டுக்கிட்டு இருக்காங்க. அவங்ககிட்ட சொல்லுங்க."

முதலாளி செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே நுழைந்தார். தட்டில் கை படும் சத்தம் சட்டென்று நின்றது. வெளிச்சத்திலிருந்து வந்தவருக்கு எல்லாம் ஒரே சாம்பல். வலப்பக்கம் திரும்பினார், இடப்பக்கம் திரும்பினார். கைகூப்ப நினைத்த கை பாதியில் நின்றது.

"எங்க உக்காந்திருக்காங்கன்னு தெரியல மாப்ளே" என்றார். "கொஞ்சம் கையப் புடி."